முழங்காலில் பூசிய துளிகள்

வைத்தியர் சொன்ன ஒரு சொல்லை நான் அண்ணைக்குச் சொல்லவில்லை.

கூர் நகர வைத்தியசாலையின் நோவுப் பிரிவில், யன்னலுக்கு வெளியே மலை பாதிவரை முகிலுக்குள் போயிருந்த ஒரு காலை அது. அண்ணையின் முதுகெலும்புக்குள் புற்றுநோய் இறங்கி நான்கு மாதமாகியிருந்தது. இடுப்புக்குப் பின்னால் நாரியில் தொடங்கி இரண்டு கால்களிலும் நெருப்புக் கம்பி இழுத்ததுபோல நோ. மோர்பின் கொடுத்தார்கள். நோ ஒரு பக்கம் ஒதுங்கி நின்றது, கூடவே அண்ணையும் ஒதுங்கிப்போனார். சாப்பாட்டைக் கண்டால் சத்தி. கதைத்துக்கொண்டிருக்கும்போதே கண் சொருகும். நித்திரை என்று சொல்ல ஒன்றுமில்லை. முப்பத்தைந்து வருடம் ஹோட்டல் குசினியில், அடுப்படியில் நின்றபடி உழைத்த மனிதரால் ஒரு மணித்தியாலம் கதிரையில் நிமிர்ந்து இருக்க முடியவில்லை. அவர் கேட்டது பெரிதாக ஒன்றுமில்லை. மேசையில் இருந்து ஒரு கோப்பை சோறு சாப்பிட வேண்டும், விடியும்வரை படுக்க வேண்டும்.

"கன்னாபிஸிலிருந்து எடுக்கும் மருந்து," என்றார் வைத்தியர், ஜெர்மன் மொழியில், என்னைப் பார்த்து. இளம் பெண். கண்ணாடியை நெற்றிக்கு ஏற்றிவைத்திருந்தார். "எண்ணெயில் கரைத்த துளிகள். முன்பெல்லாம் பேர்னில் அரசாங்கத்திடம் சிறப்பு அனுமதி எடுக்க வேண்டும், இப்போது நானே எழுதலாம். காப்புறுதிக்கும் எழுதிக் கேட்டேன். மூன்று மாதத்துக்குச் சம்மதித்திருக்கிறார்கள், பலன் தெரிந்தால் நீட்டிப்பார்கள். காலையில் இரண்டு துளி, மாலையில் இரண்டு துளி, வாய்க்குள். தலை சுற்றலாம், நித்திரை வரலாம். மெல்ல மெல்லக் கூட்டுவோம்."

பிறகு, மொழிபெயர்க்கச் சொல்லி எனக்குக் கையைக் காட்டினார்.

வைத்தியசாலையே மொழிபெயர்ப்பாளர் ஒருவரைத் தரும். அண்ணை முதல் நாளே வேண்டாம் என்றுவிட்டார். "அந்த ஆள் கோயிலுக்கு வாறவர், பிள்ளை. இண்டைக்கு இஞ்சை நான் சொல்லுறது நாளைக்குப் பூசையிலை கேக்கும்." ஆகவே நான் வேலை செய்யும் துன் நகரிலிருந்து வந்தேன். எங்கள் வீடுகளில் இப்படித்தான். நோய் ஒருவருக்கு, வாய் இன்னொருவருக்கு.

"என்னவாம்?" என்றார் அண்ணை.

இரண்டு வினாடி இருக்கும். சொற்களோடே வாழ்கிறவள் என்று என்னைப் பற்றி எனக்கு ஒரு நினைப்பு உண்டு. அந்த இரண்டு வினாடியில் என் வாய்க்குள் இருந்தது ஒரே ஒரு சொல், கஞ்சா.

"மூலிகை எண்ணெயாம் அண்ணை. காலமை ரெண்டு துளி, பின்னேரம் ரெண்டு துளி. நோவுக்கு நல்லதாம்."

"ஓம்," என்றார். வைத்தியரைப் பார்த்துத் தலையாட்டி, "டாங்கே" என்று நன்றி சொன்னார்.

ஏன் அப்படிச் செய்தேன் என்பதற்கு ஒரு பழைய கதை சொல்ல வேண்டும். அண்ணை இந்த நாட்டுக்கு வந்த காலத்தில், புகையிரத நிலையங்களில் நின்ற தமிழ் இளைஞர்களைப் பார்த்தவுடன் ஊருக்கு ஒரே எண்ணம்தான், போதைப்பொருள் விற்கிறவர்கள். தோல் சட்டை போட்டவனைக் கட்டாயம் மறிப்பார்கள். ஒரு நாள் பேர்ன் நிலையத்தில் அண்ணையையும் மறித்தார்கள். பையில் இருந்தது ஒரு பொட்டலம் மிளகாய்த்தூள். பொலிஸ்காரர் பொட்டலத்தைப் பிரித்து மூக்கருகே கொண்டுபோனாராம். பிறகு தும்மி முடிக்கவே கால் மணித்தியாலமாம். இந்தக் கதையை அண்ணை கல்யாண வீடுகளில் சொல்லிச் சனத்தைச் சிரிக்கவைப்பார். தும்மலோடு கதை முடிந்துவிடும். அதற்குப் பிறகு உடுப்பைக் கழற்றியதையும், இரத்தம் எடுத்ததையும், இரண்டு நாள் அடைத்துவைத்துவிட்டு ஒன்றும் சொல்லாமல் கதவைத் திறந்துவிட்டதையும் என்னிடம் ஒரே ஒருமுறை, பாத்திரம் கழுவிக்கொண்டு, முகத்தைத் திருப்பாமல் சொன்னார்.

அதன் பிறகு அவர் தோல் சட்டை வாங்கியதில்லை. தெருவில் ஒரு குருவிகூட இல்லாத ஞாயிற்றுக்கிழமையிலும் சிவப்பு விளக்குக்கு நிற்பார். குசினிப் பெடியங்கள் பின்வாசலில் நின்று புகைத்தால், இவர் குப்பைத் தொட்டிகளுக்கு அந்தப் பக்கம் போய் நின்று தேத்தண்ணீர் குடிப்பார். இப்படிப்பட்டவரிடம் அந்தச் சொல்லைச் சொன்னால் மருந்தைத் தொடவே மாட்டார் என்று நான் தீர்மானித்தேன். நானேதான் தீர்மானித்தேன்.

மருந்துக்கடையில் அந்தச் சீட்டை இரண்டு தரம் வாசித்தார்கள், என் அடையாள அட்டையைக் கேட்டார்கள், தயாரிக்க இரண்டு நாள் ஆகும் என்றார்கள். எல்லாம் சட்டப்படி, மரியாதையாக. ஆனாலும் போத்தலை வாங்கி வெளியே வந்தபோது, தெருவில் தமிழ் முகம் ஏதாவது தெரிகிறதா என்று பார்த்தவள் நான். கட்டைவிரல் அளவு பழுப்புப் போத்தல். ஒட்டியிருந்த தாளில் ட்ரோனாபினோல் என்று எழுதியிருந்தது. எந்த ஊர்ப் பெயருமில்லாத, எந்தப் பயத்தையும் தராத பெயர். நல்லதாகப் போயிற்று என்று நினைத்தேன்.

பிறகு வியாழக்கிழமைகள். துன்னில் ஹோட்டல் காலைச் சாப்பாட்டு வேலையை முடித்துவிட்டு ஓடுவேன். பேர்னில் மாறி, சூரிச்சில் மாறி, மூன்று ஏரிகளைத் தாண்டிக் கூர். ஏரிகள் ஒவ்வொரு கிழமையும் வேறு நிறத்தில் இருந்தன. நான் ஒரே முகத்தோடு யன்னலில் இருந்தேன். ஓரிடத்தில் இருக்கத் தெரியாதவள் என்று அம்மாவே சொல்லுவா. அந்த வாரங்களில் என் கால்கள் எனக்காக ஓடவில்லை, நான் சொல்லாமல் விட்ட ஒன்றிலிருந்து ஓடின.

"எப்படி இருக்கிறார்?" என்று வைத்தியர் கேட்பார்.

"எப்பிடி அண்ணை?"

"கொஞ்சம் சுகம்."

கொஞ்சம் சுகம் என்பதை நான் ஜெர்மனில் சொல்லுவேன். வைத்தியர் எழுதுவார். இரண்டு துளி நான்காகும். நான்கு ஆறாகும். ஆறு எட்டாகும். அண்ணையின் கழுத்தெலும்பு மட்டும் ஒவ்வொரு வியாழனும் சட்டைக்கு வெளியே இன்னும் கொஞ்சம் வந்து நின்றது.

"வாய் காய்கிறதா? தலை பாரமாக இருக்கிறதா?" வைத்தியருக்கு ஏதோ பிடிபடவில்லை. "இந்த அளவுக்கு ஏதாவது தெரியவேண்டுமே."

"ஒண்டுமில்லை," என்றார் அண்ணை. "நல்ல எண்ணெய்."

ஏழாவது கிழமை ஹோட்டலில் என் முறையை மாற்றிவிட்டார்கள். முதல் ரெயினிலேயே வந்துவிட்டேன். அண்ணையின் வீட்டுத் திறப்பு என்னிடம் இருந்தது. கதவைத் திறந்தபோது அண்ணை கட்டில் விளிம்பில் இருந்தார். சாரத்தை முழங்காலுக்கு மேலே சுருட்டியிருந்தார். பழுப்புப் போத்தலைச் சரித்து உள்ளங்கையில் எண்ணி எண்ணி விட்டுக்கொண்டிருந்தார். ஆறு, ஏழு, எட்டு. இரண்டு கையையும் தேய்த்துச் சூடாக்கி, முழங்காலில், பின் தொடையில், கை போகும்வரை நாரியில் பூசினார். யன்னல் வெளிச்சத்தில் அந்த மெலிந்த கால்கள் மினுங்கின.

"என்ன அண்ணை செய்யிறியள்?"

"வந்திட்டியே. நேரத்தோடை வந்திட்டாய்."

"உது வாய்க்குள்ளை விடுறது."

"தெரியும்," என்றார். பூசுவதை நிறுத்தவில்லை.

நான் காலில் சப்பாத்தைக் கழற்றாமலே நடுவீட்டில் நின்றேன். அவர் சப்பாத்தை ஒருமுறை பார்த்தார்.

"அந்தப் பிள்ளை சொன்னது எனக்கு விளங்கினது," என்றார். "முப்பத்தைஞ்சு வரியமாப் பின்வாசல்லை பெடியங்கள் பத்தினது என்னெண்டு எனக்குத் தெரியாதோ? அவங்கள் சொல்லுற அதே பேரைத்தானே அவவும் சொன்னவ."

"பிறகேன் பேசாமல் இருந்தனீங்கள்?"

"நீ வேறை சொன்னாய். டொக்டருக்கு முன்னாலை உன்னைப் பொய்க்காரியாக்கச் சொல்லுறியோ?"

"அதுக்காகப் பூசுறதோ?"

"எறிஞ்சால் உன்ரை பாடு வீணாப் போகும். குடிச்சால் ரத்தத்திலை நிக்கும். அண்டைக்கு அவங்கள் என்ரை ரத்தத்தை எடுத்துப் பாத்தவங்கள், ஒண்டுமில்லை. இனியும் ஒண்டும் இருக்கக்கூடாது." போத்தலை மூடினார். "பூசினால் ஒருத்தருக்கும் நட்டமில்லை."

"அப்ப, சுகம் சுகம் எண்டு சொன்னது?"

"நீ மூண்டு ரெயின் மாறி வாறாய்."

எனக்குக் கோபம் வந்தது. அழுகை வருவதற்கு முன்னால் எனக்கு எப்போதும் கோபம்தான் வரும். "சொன்னால் நீங்கள் எடுக்கமாட்டியள் எண்டு நினைச்சன்," என்றேன்.

அண்ணை சாரத்தை இழுத்துவிட்டார். எண்ணெய்க் கையைச் சுவரில் படாமல் தூக்கிப் பிடித்துக்கொண்டு சொன்னார்:

"நீ கேட்டுப் பாக்கேல்லையே, பிள்ளை."

அன்று பத்து மணிக்கு அதே அறையில் எல்லாவற்றையும் வைத்தியரிடம் சொன்னேன். நான் சொல்லாமல் விட்டதை, அவர் பூசியதை, ஏழு கிழமை எழுதப்பட்ட கொஞ்சம் சுகங்களை. வைத்தியர் கண்ணாடியைக் கழற்றி மேசையில் வைத்தார். திட்டுவார் என்று காத்திருந்தேன். அவர் கதிரையை இழுத்து அண்ணைக்கு முன்னால் போட்டுக்கொண்டு, என்னை விட்டுவிட்டு, ஒவ்வொரு சொல்லாக, குழந்தைக்குச் சொல்வதுபோலல்ல, வேலைக்கு வந்த புதியவருக்குச் சொல்வதுபோல அவரிடம் கதைத்தார். அண்ணை தன் குசினி ஜெர்மனில் பதில் சொன்னார். எட்டுத் துளியை எடுத்த எடுப்பில் விழுங்கக்கூடாது, திரும்ப இரண்டில் தொடங்க வேண்டும் என்றார் வைத்தியர். நான் மடியில் கையை வைத்துக்கொண்டு இருந்தேன். எனக்கு அங்கே வேலை இருக்கவில்லை.

"பொலிஸ் கேட்டால்?" என்றார் அண்ணை.

இது மருந்து, நான் எழுதியது, சட்டப்படியானது என்று ஒரு கடிதம் தருகிறேன் என்றார் வைத்தியர். அச்செடுத்துக் கையெழுத்துப் போட்டு நீட்டினார். அண்ணை தாளை வெளிச்சத்தில் பிடித்துப் பார்த்துவிட்டு என் பக்கம் திரும்பினார். "முத்திரை இல்லையே. இவவின்ரை கையெழுத்தை ஆருக்குத் தெரியும்?"

இதை ஒரு எழுத்துக்கூட விடாமல் மொழிபெயர்த்தேன். வைத்தியர் சிரிக்கவில்லை. உதவியாளர் மேசையின் மூன்று இலாச்சிகளைத் திறந்து ஒரு முத்திரையைத் தேடி எடுத்து, இரண்டு தரம் ஊதி, அழுத்திக் குத்தினார். அண்ணை கடிதத்தை நான்காக மடித்து வதிவிடப் பெர்மிட் அட்டையோடு சட்டைப் பையில் வைத்தார்.

அன்று பின்னேரம் முதல் இரண்டு துளியையும் என் முன்னால் ஒரு துண்டு பாணில் விட்டுச் சாப்பிட்டார். பிறகு வாசல் கதவு பூட்டியிருக்கிறதா என்று பார்த்துவரச் சொன்னார்.

ஆறாம் நாள் தொலைபேசி எடுத்தார். "பிள்ளை, விடியக்காலமை நாலு மணி மட்டும் படுத்தனான். இடையிலை எழும்பேல்லை." இரண்டு நாள் கழித்து: "தோசை ரெண்டு திண்டனான். இறங்கினது." இன்னொரு நாள்: "தலை கொஞ்சம் மிதக்குது. இதுக்கோ பின்வாசல் பெடியங்கள் அந்தக் குளிருக்கை நிண்டு நனைஞ்சவங்கள்? விசர்க் கூட்டம்."

இரண்டாவது வியாழன் நான் போனபோது மேசையில் இருந்தார், நிமிர்ந்து. முன்னால் பலகை, கத்தி, மூன்று வெங்காயம். "நீ அரியிற வெங்காயம் கறிக்குள்ளை கல்லுமாதிரிக் கிடக்கும். தள்ளு." கையில் பழைய வேகம் இல்லை, ஆனால் வெட்டு ஒன்றுக்கொன்று பிசகவில்லை. தாளைப்போல மெல்லிய வெங்காயம். ஒரு மணித்தியாலமும் பத்து நிமிடமும் இருந்தார். நான் சுவர் மணிக்கூட்டைப் பார்த்துக்கொண்டே இருந்ததை அவரும் பார்த்தார்.

அதன் பிறகு காய்ச்சல் வந்தது, நெஞ்சில் சளி கட்டியது. நோய் தன் வேலையை நிறுத்தியிருக்கவில்லை. துளி நோவைத்தான் தடுக்கும், மற்றதைத் தடுக்காது என்று வைத்தியர் முதலிலேயே சொல்லியிருந்தார். அதை நான் அண்ணைக்குச் சொன்னேனா என்று இப்போது நினைவில்லை. பாணில் விட்ட முதல் துளியிலிருந்து எண்ணினால் பத்தொன்பது நாள்தான் அண்ணை இருந்தார்.

வைத்தியசாலையில் அவர் உடுப்பை ஒரு பையில் போட்டுத் தந்தார்கள். சட்டைப் பையில் பெர்மிட் அட்டை, கடிதம். மடிப்புகளில் தாள் வெளுத்திருந்தது. எத்தனை தரம் எடுத்துப் பார்த்தாரோ. வீட்டில் இருந்த சாரத்தில் முழங்கால் படும் இடத்தில் எண்ணெய்க் கறை இருந்தது. அதைத் தோய்க்கவில்லை.

மிச்ச மருந்தை வீட்டில் வைத்திருக்கக்கூடாது, திருப்பிக் கொடுக்க வேண்டும். கொடுத்தேன். மருந்துக்கடைப் பெண் போத்தலை வெளிச்சத்தில் பிடித்துப் பார்த்துவிட்டு, "உதவியதா?" என்று கேட்டார். கேட்க வேண்டிய கேள்விதான், இரக்கத்தோடுதான் கேட்டார். கொஞ்சம் சுகம் என்று வாய் தானாகப் போனது. இழுத்துப் பிடித்தேன்.

"பத்தொன்பது நாள்," என்றேன். "இன்னும் ஏழு கிழமை உதவியிருக்கும். நான் அவரிடம் கேட்கவில்லை."

அவருக்கு விளங்கியிருக்காது. தலையாட்டினார்.

சூரிச் போகும் ரெயினில் இரண்டாவது ஏரி தெரியத் தொடங்கியபோது பரிசோதகர் வந்தார். நான் கைப்பையிலிருந்து டிக்கெட்டை எடுத்தபோது வைத்தியரின் கடிதமும் கூடவே வந்தது, முத்திரை வெளியே தெரிய. இரண்டையும் சேர்த்தே நீட்டினேன். அவர் டிக்கெட்டை மட்டும் பார்த்து, நல்ல பயணம் என்று சொல்லி அடுத்த இருக்கைக்குப் போனார்.

நான் கையை மடக்காமல் கொஞ்ச நேரம் அப்படியே நீட்டிக்கொண்டிருந்தேன்.