வெட்டப்பட்ட குரல்

ஆம்பூர்த் தோல் தொழிற்சாலை ஒன்றின் கழிவு வாய்க்காலை ஆற்றில் திறந்துவிட்டபடியே தொழிலாளி ஏழுமலை என் கேமராவிடம் சொன்னார்: "மொதலாளி தொறக்கச் சொல்றாரு சார். மாட்டேன்னா வேலை போய்டும்."

அந்த வீடியோ நாடாவைப் பூஞ்சை பிடிக்காமல் முப்பது ஆண்டுகள் காத்தேன். சென்ற ஆண்டு ஆவணப்பட இயக்குநர் ஒருவர் தன் படத்துக்காக அதைக் கேட்டார்.

"ஏழுமலை பேச்சை வெட்டக் கூடாது" என்றேன்.

"சத்தியமா வெட்ட மாட்டேன் சார்."

எழுதி வாங்குவது என் கௌரவத்துக்குக் குறைவென்று கருதினேன்.

படத்தின் முதல் காட்சியன்று திரையில் ஏழுமலை வாய்க்காலைத் திறந்தார். அவர் குரல் இல்லை. "ஆற்றைக் கொன்றவர்கள்" என்றது வர்ணனை. முடிவில் எனக்கு நன்றி தெரிவித்தார்கள். அரங்கம் கைதட்டியது. எழுந்து வணங்கினேன்.

வாசலில், மறைந்த ஏழுமலையின் மனைவி கேட்டார்: "உள்ள எல்லாரும் அவரத் திட்றாங்க. அது நீங்க குடுத்த படம்தானே சார்?"

இயக்குநர் ஏமாற்றியதை எல்லோரிடமும் சொல்லிவிட்டேன். எழுந்து வணங்கியதை இப்போதுதான் சொல்கிறேன்.