காப்புக் கட்டியவளுக்குக் கொண்டுபோன சல்சா

எனக்கு வாய் கொஞ்சம் நீளம். சும்மா இருக்கவும் தெரியாது. யாராவது ஒன்று செய்தால் நான் இரண்டு செய்து காட்ட வேண்டும். இந்த வருஷம் எஸ்டேட் மாரியம்மன் திருவிழாவில் எனக்கு நேர்ந்த அவமானம் இந்தப் புத்தியால் வந்ததுதான். அவமானம் எனக்கும் இன்னொருத்திக்கும் மட்டும்தான் தெரியும் என்பது இன்னும் கேவலம்.

நாங்கள் எஸ்டேட்டை விட்டுப் பகாவ் டவுன் பக்கம் தாமான் என்கிற குடியிருப்பு வீட்டுக்கு வந்து பல வருஷம் ஆகிறது. என் வீட்டுக்காரரின் தங்கை, அதாவது என் நாத்தனார், இன்னும் எஸ்டேட்டில்தான் இருக்கிறாள். போன வருஷம் அவள் மகன் மோட்டாரில் போய் லாரியில் மோதிவிட்டான். கால் போய்விடும் போலிருந்தது. ஆஸ்பத்திரியில் நின்றபடியே அவள் வேண்டிக்கொண்டாள்: பிள்ளையின் கால் தப்பினால் வரும் திருவிழாவில் தீ மிதிக்கிறேன் என்று. கால் தப்பியது. உள்ளே கம்பி வைத்திருக்கிறார்கள், தாங்கித் தாங்கித்தான் நடக்கிறான். ஆனால் நடக்கிறான்.

அவள் கையில் காப்புக் கட்டிக்கொண்டு விரதம் தொடங்கினாள். சுத்த சைவம், வெங்காயம் பூண்டுகூட இல்லை. பார்க்கப் போனபோது வெறும் ரசம் சாதம் சாப்பிட்டுக்கொண்டிருந்தாள். எனக்கு மனசு கேட்கவில்லை. கோலாலம்பூரில் வேலை பார்க்கும் என் மகள் தீபாவளிக்கு வந்திருந்தபோது போனைப் பார்த்து அன்னாசி சல்சா என்று தொக்கு மாதிரி ஒன்று செய்யச் சொல்லிக் கொடுத்திருந்தாள். அதை விரதத்துக்கு ஏற்ற மாதிரி செய்து போத்தலில் அடைத்துக் கொண்டுவருகிறேன் என்று சொல்லிவிட்டு வந்தேன். அக்கம்பக்கத்து வீடுகளுக்கும் கேட்கிற மாதிரிதான் சொன்னேன்.

தலை குளித்துவிட்டு அடுப்பு பற்றவைத்தேன். அன்னாசியையும் செங்காயாக இருந்த மாங்காயையும் பொடியாக நறுக்கி, வெங்காயத்துக்குப் பதில் இஞ்சி போட்டு, சிலி பாடி என்கிற ஊசிமிளகாய், சீனி, எலுமிச்சைச் சாறு எல்லாம் சேர்த்துக் கொதிக்கவிட்டேன். பெரிய சட்டியின் அடியில் துணியை விரித்துக் கண்ணாடிப் போத்தல்களை வேகவைத்தேன். சுடச்சுட ஊற்றி, மூடி, தலைகீழாகக் கவிழ்த்தேன். போத்தல்கள் வருஷம் பூராவும் சேர்த்து வைத்தவை. ஒவ்வொரு தடவையும் புது மூடி வாங்க வேண்டும் என்று மகள் சொல்லியிருந்தாள். மூடியில் என்னடி இருக்கிறது, எனக்கே பாடம் எடுக்கிறாயா என்று அவள் வாயை அடைத்திருந்தேன். போத்தலை வேகவைத்த நான் மூடியை மட்டும் துருப்பிடிக்கும் என்று வெந்நீரில் அலசித் துடைத்தேன்.

ருசி பார்க்கவில்லை. அம்மனுக்கு நேர்ந்துகொண்டவள் சாப்பிடப்போவது, அதை எச்சில் பண்ணக் கூடாது. படையலுக்குச் சமைப்பதுபோல உப்பு உறைப்பெல்லாம் கண்ணளவுதான். மோந்துகூடப் பார்க்கவில்லை. எவ்வளவு சுத்தமாகச் செய்திருக்கிறேன் பார் என்று எனக்கே என்மேல் மரியாதை வந்துவிட்டது.

தீமிதி அன்று ஆண்கள் எல்லாரும் கோயிலில் கட்டை அடுக்கப் போயிருந்தார்கள். அவள் வீட்டில் நாங்கள் இரண்டு பேர்தான். தீ மிதிப்பதற்கு முன்னால் கடைசிச் சாப்பாடு என்று அவள் இலை போட்டு உட்கார்ந்தாள். நான் போத்தலைத் திறந்து ஒரு பெரிய கரண்டி வைத்தேன். முதல் வாயைச் சாப்பிட்டாள். இரண்டாவது வாயில் மெல்லுவதை நிறுத்தினாள். எழுந்து பின்பக்கம் போய்த் துப்பிவிட்டு வந்தாள்.

"அண்ணி, இதுல பெலாச்சான் போட்டீங்களா?"

எனக்குச் சுர்ரென்று ஏறியது. இறாலை அரைத்துக் காயவைத்த பெலாச்சானை விரதக்காரிக்குப் போடுவேனா, என்னை என்ன நினைத்தாய், வெங்காயம்கூடப் போடாமல் இடுப்பொடியச் செய்தேனே என்று கத்தித் தீர்த்தேன். விரதத்தில் உனக்கு மூக்குக் கெட்டுவிட்டது என்றும் சொன்னேன். அவள் மூடியை எடுத்து என் கையில் கொடுத்தாள்.

மோந்தேன். மூடிக்கு உள்ளே வெள்ளையாக ஒரு ரப்பர் வளையம் இருக்குமே, அதிலிருந்து வந்தது. போன மாசம் நான் மீன் பொரிக்கும்போதெல்லாம் தொட்டுக்கொண்ட சம்பால் பெலாச்சான் போத்தலின் மூடி. சூடாக ஊற்றிக் கவிழ்த்து வைத்ததில் அதிலிருந்ததெல்லாம் சல்சாவில் இறங்கிவிட்டது. என் அடுப்படியில் அந்த வாடை எப்போதும் இருப்பதால் என் மூக்குக்கு உறைக்கவே இல்லை. ஐயோ என்று உட்கார்ந்துவிட்டேன்.

அப்போதாவது வாயை மூடிக்கொண்டிருக்கலாம். துப்பிவிட்டாய் அல்லவா, வாய் கொப்பளித்துக் குளித்துவிட்டுப் போய் மிதி, யாருக்கும் தெரியாது என்று சொன்னேன். அவளுக்காகச் சொன்னதுபோல் சொன்னேன். கோயிலில் என் பேர் நாறிவிடும் என்ற பயத்தில் சொன்னேன்.

"எனக்குத் தெரியுமே அண்ணி. புள்ளையோட காலுக்கு வேண்டிக்கிட்டது லா அது. முறிஞ்ச விரதத்தோட எப்படி மிதிப்பேன்?"

காப்பை அவிழ்த்தாள். பக்கத்து வீட்டுக்காரியைக் கூப்பிட்டு, வீட்டுக்குத் தூரமாகிவிட்டேன், இந்த வருஷம் மிதிக்க முடியாது என்று கோயிலில் சொல்லிவிடச் சொன்னாள். வேண்டாம், நானே உண்மையைச் சொல்கிறேன் என்றேன். சொன்னால் சாகும்வரை உங்களைச் சொல்லிக் காட்டுவார்கள் என்றாள். சரியென்று விட்டுவிட்டேன். அவ்வளவு சீக்கிரம் விட்டேன்.

தூரமானவள் கோயிலுக்கு வரக் கூடாது. தீ மிதிக்க வேண்டியவள் வீட்டிலேயே இருந்தாள். நான் பட்டுச்சேலையில் கோயிலுக்குப் போனேன். நாள் பார்த்து நேர்ந்திருக்க வேண்டாமா, மாத்திரை போட்டுத் தள்ளிவைத்திருக்கக் கூடாதா, பிள்ளை காலைவிட இவளுக்கு வேறு என்ன நினைப்பு என்று பெண்கள் வாய்க்கு வந்தபடி பேசினார்கள். நான் கேட்டுக்கொண்டு நின்றேன்.

உடுக்கைச் சத்தம் ஏறும்போது அவள் மகன் காலைத் தாங்கிக்கொண்டு என்னிடம் வந்தான். கண்ணெல்லாம் சிவந்திருந்தது.

"என்ன அத்த இது. ஒரு மாத்திரைய போட்டிருக்கலாம்ல. அம்மாவுக்கு என் ஞாபகமே இல்ல."

நான் அவன் முகத்தைப் பார்க்கவில்லை.

"ஆமாப்பா, போட்டிருக்கலாம்" என்றேன்.