நேரத்தில் ஓடும் ஐஸ் மெஷின்

அறந்தாங்கி பஸ் ஸ்டாண்டுக்குப் பின்னால் ஜெராக்ஸ், டைப்பிங் கடை வைத்திருக்கிறேன். மனு, பயோடேட்டா, கல்யாணப் பத்திரிகை என்று எவ்வளவோ அடித்திருக்கிறேன். கதை அடித்ததில்லை. முதல்முதலாகக் கதையோடு வந்தவர் கட்டுமாவடியில் மீன் ஏலம் எடுத்து விற்கிற ஒரு பெண். அவருக்கும் என்னைப்போல் நாற்பது தாண்டியிருக்கும். பள்ளிக்கூட நோட்டு ஒன்றை மேஜையில் வைத்தார்.

"இதை அடிச்சுத் தரணும்க்கா. கதை. ஒரு மெஷினைப் பத்தி."

பத்தாவது வரை படித்தவர். பஸ்ஸில் போக வர எழுதினாராம். ரோடு மோசமான இடமெல்லாம் கையெழுத்திலேயே தெரிந்தது.

அவர் போனதும் அடிக்க உட்கார்ந்தேன். ஒரு கடலோர ஊர். கரன்ட் இல்லாமல் ஐஸ் கம்பெனி மூடிக் கிடக்கிறது, பிடித்த மீன் கரையிலேயே கெட்டுப்போகிறது. அப்போது ஒரு மெஷின் வருகிறது. அதற்கு டீசல் வேண்டாம், கரன்ட் வேண்டாம். முன்னால் உட்கார்ந்து கையை வைத்தால் அந்த ஆளுடைய நேரத்தை எடுத்துக்கொண்டு ஓடும். பத்து மணிக்கு உட்கார்ந்தவள் பதினோரு மணிக்கு எழுந்திருப்பாள். இடையில் இருந்த ஒரு மணி நேரம் அவளுக்கு நடக்கவே இல்லை. படகு வரும்வரை சும்மா காத்திருக்கிற நேரம்தானே என்று பெண்கள் ஆளாளுக்குக் கொடுக்கிறார்கள். ஐஸ் பாளம் பாளமாக இறங்குகிறது.

அதில் ஒருத்தியின் புருஷன் துபாயில். சமைக்கிற, சாப்பிடுகிற நேரம் போக மீதி எல்லாவற்றையும் அவள் மெஷினுக்கே கொடுத்துவிடுகிறாள். மூன்று வருஷம் கழித்து அவன் வருகிறான். கிளம்பின அன்றைக்கு இரண்டு பேருக்கும் பெரிய சண்டை. அவன் அதை எப்போதோ மறந்துவிட்டான். அவளுக்கோ அது முந்தாநாள் சண்டை. நரைத்த தலையோடு பெட்டியை இறக்கிவைத்து நிற்கிறவனுக்கு ஒரு டீகூடப் போடாமல் முகத்தைத் திருப்பிக்கொள்கிறாள்.

அதற்கு மேல் என்னால் அடிக்க முடியவில்லை. என் வீட்டுக்காரர் சவூதியில் இருக்கிறார். ஜெராக்ஸ் கேட்டு வந்தவரிடம் மெஷின் ரிப்பேர் என்று பொய் சொல்லி அனுப்பிவிட்டேன்.

நோட்டில் இருந்த முடிவு எனக்குப் பிடிக்கவில்லை. ஊர்ப் பெண்கள் கூடி, ஆளுக்கு ஒரு நாளைக்கு அரைமணி நேரம், அதற்கு மேல் கூடாது என்று முறை போடுகிறார்கள். முகத்தைத் திருப்பிக்கொண்டவளும் தன் முறைக்கு மறுபடி போய் உட்காருகிறாள். இதென்ன முடிவு என்று தோன்றியது. நானாகவே ஒரு பத்தி சேர்த்தேன். அவள் கடப்பாரையை எடுத்து மெஷினை அடித்து நொறுக்குகிற மாதிரி.

அடுத்த வாரம் வந்தார். ஸ்டூலில் உட்கார்ந்து, விரலை வைத்து வரிவரியாகப் படித்துக்கொண்டே வந்தவர் கடைசிப் பக்கத்தில் நின்றார்.

"கடப்பாரை நான் எழுதலையேக்கா."

"நான்தாங்க சேர்த்தேன். படிக்கிறவங்களுக்கு இதான் பிடிக்கும்னு நெனச்சேன்."

கோபப்படுவார் என்று பார்த்தேன். யோசித்துவிட்டு, "ஒடைச்சுட்டா மறுநாள் மீனுக்கு ஐஸ்?" என்று கேட்டார்.

கடைசிப் பக்கத்தை அவரிடமிருந்து திருப்பி வாங்கிக்கொண்டேன்.

"வேணாத நேரம்னு நெனச்சுத்தான் அவ குடுத்தா. கோவம் ஆறுற நேரமும் அதுலயே போயிருச்சு. அதுக்கு மெஷின் என்னக்கா பண்ணும்?" என்றவர், "நீங்க குடுத்திருப்பீங்களா?" என்றார்.

"அம்புட்டையும் குடுத்திருப்பேன்," என்றேன். பொய் சொல்லத் தோன்றவில்லை.

"நானுந்தான். எங்க வீட்டுக்காரரு ஆறு வருசம் அங்கிட்டு துபாயிலதான் இருந்தாரு."

கடப்பாரையை எடுத்துவிட்டு அவர் எழுதியபடியே அடித்து, ஒரு பத்திரிகைக்கு மெயிலில் அனுப்பினேன். கடை நம்பரைத்தான் கொடுத்திருந்தோம். ஆசிரியர் கூப்பிட்டபோது கதை எழுதியவரும் கடையில்தான் இருந்தார். ஸ்பீக்கரில் போட்டேன். கதை பிரமாதம், கடைசியில் மட்டும் மெஷின் அழிகிற மாதிரி மாற்றித் தர முடியுமா என்று கேட்டார் ஆசிரியர். முதல் கதை, கேட்பவர் பெரிய பத்திரிகைக்காரர். நானாக இருந்தால் அந்த இடத்திலேயே சரி என்றிருப்பேன்.

"இல்லைங்க. அது ஓடட்டும்," என்றார் இவர். குரலில் வீறாப்பு எதுவும் இல்லை. மீன் விலை சொல்கிற மாதிரி சொன்னார். அந்தப் பத்திரிகை போடவில்லை. அவரும் அதைப் பற்றி வருத்தப்பட்டுப் பேசி நான் கேட்கவில்லை. சில மாதம் கழித்து ஒரு சிறு பத்திரிகை ஓர் எழுத்துகூட மாற்றாமல் வெளியிட்டது.

அதைப் பதினைந்து செட் ஜெராக்ஸ் எடுத்துப் போனார். ஏலக்கொட்டகையில் பெண்களுக்கு வாசித்துக் காட்டினாராம். என்ன சொன்னார்கள் என்று அடுத்த தடவை கேட்டேன்.

"சண்டைக்கா. கைப்புள்ளக்காரிக்கும் அதே அரைமணி நேரமா, அவ தூக்கத்துலயிருந்தா எடுக்குறதுன்னு ஒருத்தி கேட்டா. அப்ப அவ பங்கை யாரு குடுப்பான்னு இன்னொருத்தி. ரெண்டு பேரும் இன்னமும் பேசிக்கிறதில்ல."

சிரிப்பார் என்று நினைத்தேன். அவர் நோட்டைப் பிரித்துவிட்டார்.

"கேட்டது ஞாயந்தானே. முறை போட்டப்ப எனக்கு அது தோணவேயில்ல பாருங்க," என்று சொல்லிக்கொண்டே பேனாவைத் தேடினார். என்னுடையதை எடுத்துக் கொடுத்தேன்.