பட்டாளத்துச் சமையல்காரர்

சோப்பு நுரையை கேஸ் அடுப்பின் ரப்பர் குழாய் மேல் தடவிவிட்டு, குமிழி வருகிறதா என்று நியே தூங்ஷெங் பார்க்கிறார். வரவில்லை. மறுபடி தடவி மறுபடி பார்க்கிறார். ஜன்னலைத் திறந்து, சுவரில் தொங்கும் நாள்காட்டியின் தாள் எந்தப் பக்கம் ஆடுகிறது என்று கவனிக்கிறார். பிறகு வாசற்படியைத் தாண்டி வெளியே போய் நின்றுகொள்கிறார்.

"இப்ப நீங்க பத்த வைங்கம்மா."

"ரிப்பேர் பண்ணது நீங்க. நீங்களே பத்த வெச்சுக் காட்டுங்களேன்."

"மாட்டுறது என் வேலை. பத்த வைக்கிறது வீட்டுக்காரங்க வேலை."

சீனாவின் ஹெக்கோ எல்லைச் சந்தையில் இருபத்தாறு வருஷமாக அவர் கேஸ் அடுப்பு பழுது பார்க்கிறார், சிலிண்டரும் கொண்டுபோய்ப் போடுகிறார். இதுவரை ஓர் அடுப்பைக்கூட அவர் பற்றவைத்து யாரும் பார்த்ததில்லை. சிகரெட் பிடிப்பார், நெருப்பை மட்டும் அடுத்தவர் நீட்ட வேண்டும். மற்ற சிலிண்டர்காரர்கள் சிலிண்டரை முதுகில் கட்டிக்கொண்டு மாடி ஏறுவார்கள். இவர் குழந்தையைத் தூக்குவதுபோல மார்போடு அணைத்துக்கொண்டு, படிக்குப் படி இறக்கி வைத்து ஏறுவார். கேட்டால், முதுகு பிடித்திருக்கிறது என்பார்.

"ஒரு முதுகு இருபத்தாறு வருஷமாவா புடிச்சிருக்கும்?" என்பாள் பக்கத்துக் கடை ஷாவ். அனல் தட்டின் மேல் தௌஃபு எனும் சோயாக் கட்டித் துண்டுகளைச் சுட்டு விற்கிறவள். "பட்டாளத்துல சமையல்காரனாம். கேளுங்க கதைய! முட்டைய ஒடைக்கச் சொன்னா பாதி ஓடு சட்டிக்குள்ள கெடக்கு. நல்லவேளை வியத்நாமோட நடந்த சண்டை சீக்கிரம் முடிஞ்சுது, இல்லன்னா நம்ம பசங்க இவரு சோத்தத் தின்னே செத்திருப்பாங்க."

நியே சிரித்துக்கொள்வார். சமையல்காரர் என்பது அவரே சொன்னது. அதை அவர் கண்டுபிடிக்கவும் இல்லை. பயிற்சி முகாமில் கற்றது.

பத்தொன்பது வயதில் அவர் முதுகில் ஏற்றியது மூன்று உருளைகள். கையில் துப்பாக்கி போன்ற குழல். கூழாகக் கெட்டித்த எண்ணெய், வெடிமருந்தின் உந்தலில் கயிறுபோல நீண்டு போய், பட்ட இடத்தில் ஒட்டிக்கொண்டு எரியும். ஓர் உருளைக்கு ஒரு பீச்சல். இரண்டு மூன்று விநாடி. மூன்று பீச்சலுக்குப் பின் அந்தச் சுமைக்கு ஒரு பயனும் இல்லை. பயிற்சியாளர் சிச்சுவான்காரர், படித்தவர். தீப்பீச்சி வெள்ளைக்காரன் தந்தது என்று நினைக்காதீர்கள் என்பார். ஜெர்மன்காரன் பதுங்குகுழிக்கு அதைக் கொண்டுவருவதற்கு ஒன்பது நூற்றாண்டுக்கு முன்பே, நம் கோட்டைச் சுவர்களின் மேல் நான்கு கால் வைத்த பித்தளைப் பெட்டி நின்றது. அதன் தண்டை இழுத்துத் தள்ளினால் எரியும் எண்ணெய் கீழே இருப்பவன் மேல் பாயும் என்று கரும்பலகையில் வரைந்து காட்டுவார். தண்டைத் தள்ளியவன் பிறகு என்ன ஆனான் என்று நியே ஒரு தடவை கேட்டார். அது ஏட்டில் இல்லை என்றார் பயிற்சியாளர்.

இன்னொன்றும் அவர் சொல்லியிருந்தார். "எதிரி மொதல்ல சுடுறது உங்களத்தான். உயிரோட புடிச்சா விட மாட்டான். மாட்டிக்கிட்டா எல்லாத்தையும் வீசிட்டு சமையல்காரன்னு சொல்லுங்க. உடம்புல இருக்கிற புகைநாத்தத்துக்கு அது சரியாப் பொருந்தும்."

நியே எதிரியிடம் மாட்டவில்லை. ஊர் திரும்பியதும் அம்மாவிடம் அந்தச் சமையல்காரன் கதையைச் சொன்னார். பிறகு மாப்பிள்ளை பார்க்க வந்தவர்களிடம். பிறகு எல்லோரிடமும்.

தொலைவிலிருந்து கொல்லும் கருவிகள், யாரைக் கொன்றோம் என்பது தெரியாமல் இருக்கும் வசதியையும் சேர்த்தே தருகின்றன. இந்தக் கருவியில் அந்த வசதி இல்லை. காற்று பார்த்து, குகையின் வாய் பார்த்து, ஆள் முகம் தெரியும் தூரத்துக்குப் போயாக வேண்டும். ஆகவே நியேவுக்கு இடம் மறக்கவில்லை. அவர் அதைப் பெரிதாகச் சொல்லிக்கொண்டதும் இல்லை. வருந்தித் திரிந்ததும் இல்லை. அடுப்புகளைப் பழுது பார்த்தார், வாசலுக்கு வெளியே நின்றார், அவ்வளவுதான்.

எதிர்வரிசைக் கடை லுயெனுடையது. பாலத்துக்கு அந்தப் பக்கம், வியத்நாமின் லாவ் காயிலிருந்து தினமும் காலையில் அனுமதிச் சீட்டோடு வந்து காப்பித்தூளும் மரச்செருப்பும் விற்கிறவள். பதினோரு வருஷப் பழக்கம். காலையில் நியேவின் முதல் சிகரெட்டுக்கு நெருப்பு நீட்டுவது அவள்தான். அவளுடைய அண்ணன் ஹோவான் அந்தச் சண்டையில் ஒரு சுண்ணாம்புக் குன்றின் குகையில் இறந்தான் என்பது சந்தை முழுக்கத் தெரியும். சுற்றுலா வரும் பழைய சீனச் சிப்பாய்களிடமெல்லாம் கேட்டுக்கொண்டே இருப்பாள். நியேவிடம் கேட்டதில்லை. சமையல்காரருக்கு என்ன தெரியும்?

பிப்ரவரியில் ஒரு முற்பகல், தன் காப்பி அடுப்பைத் தூக்கிக்கொண்டு வந்தாள். நியே பர்னரைக் கழற்றிக் கம்பியால் துளைகளைக் குத்திக்கொண்டிருந்தார். அவள் ஷாவின் பலகையில் ஒரு தாளை விரித்தாள்.

"அடுத்த மாசம் குன்ன வெடி வெச்சுப் பொளக்கப் போறாங்களாம் அக்கா. சிமென்ட்டுக்கு. ஆபீசர் கால்ல விழாத கொறையாக் கேட்டேன். கண்ணிவெடி உள்ள எடம், ஒரே ஒரு நாள் ஆள் அனுப்புறேன், எந்தக் குகைன்னு நீயே காட்டுன்னுட்டாரு. அங்க அறுபது குகை வாய் இருக்கு. போன வாரம் வந்த பட்டாளத்துத் தாத்தா ஒருத்தரு இத வரைஞ்சு குடுத்தாரு. அண்ணன்கூட இருந்தவங்க சொன்ன அத்திமரம், சுனை எல்லாம் இவரும் சரியாத்தான் சொன்னாரு."

"எங்க நியே அண்ணனக் கேளேன்," என்றாள் ஷாவ். "அவரும் அந்தப் பக்கம் போனவருதான். எந்தக் குகைக்கு எத்தனை வாளி சோறு போச்சுன்னு புட்டுப் புட்டு வைப்பாரு."

நியே தாளை எட்டிப் பார்த்தார். "தப்பு. வாய் ஆத்தப் பாத்து இல்ல, மேக்கப் பாத்து. இந்த மாசத்துக் குளிருக்கு அது காத்த உள்ள இழுக்கும்."

ஷாவ் இடுக்கியைத் தட்டிச் சிரித்தாள். "சோறாக்கப் போன மனுஷனுக்கு, குகை மூச்ச இழுக்குதா விடுதான்னு எதுக்கய்யா?"

கம்பி துளையிலேயே நின்றது. ஷாவின் சிரிப்பும் பாதியில் நின்றது.

லுயென் தாளைப் பார்த்தாள், பிறகு அவரை. "இன்னும் என்னண்ணே தெரியும்?"

யாரோ சொல்லிக் கேட்டேன் என்ற பதில் நாக்கில் தயாராக இருந்தது. அதைச் சொன்னால் நாளைக் காலையும் வழக்கம்போல விடியும். அடுத்த மாதம் குன்று சிமென்ட் ஆகிவிடும்.

"குகைக்கு முன்னால ஒரு பாறை," என்றார். "படுத்த எருமை மாதிரி. அதுக்குப் பின்னால நின்னா குகை தெரியாது. அத்திவேர் மறைச்சிரும். தேடிப் போனவங்க எல்லாம் நின்னுக்கிட்டே தேடியிருப்பாங்க. முட்டி போட்டுப் பாக்கணும்."

லுயென் தாளை நாலாக மடித்தாள்.

"உள்ள இருந்தவங்களக் கூப்பிட்டுப் பாத்தீங்களா?"

"பாத்தேன். உங்க பாஷையில நாலு வார்த்தை எழுதிக் குடுத்திருந்தாங்க. துப்பாக்கியப் போடுங்க, கொல்ல மாட்டோம்னு. மூணு தடவை கத்தினேன். நான் கத்தினது அவங்களுக்குப் புரிஞ்சுதான்னு எனக்குத் தெரியாது."

அவள் அந்த நாலு வார்த்தைகளைச் சொல்லிக்காட்டச் சொல்லவில்லை. "எடத்தக் காட்டுங்க," என்றாள். "மத்தது இன்னிக்கு வேண்டாம். நீங்க வர முடியாது. வெளிநாட்டுக்காரங்கள அங்க விட மாட்டாங்க. நான்தான் போகணும். அண்ணனோட ஒரு பல்லு கெடைச்சாலும் போதும்."

அட்டை ஒன்றில் வரைய முயன்றார். பாறை வந்தது, வேர் வந்தது; தூரம் வரவில்லை. கோடு ஒவ்வொரு தடவையும் கோணிக்கொண்டு போயிற்று. அட்டையை வைத்துவிட்டு எழுந்தார். பர்னர் இல்லாத அடுப்பைத் தூக்கிக்கொண்டு போய் அவள் கடைவாசலில், தரையில் வைத்தார்.

"இதுதான் வாய்னு வெச்சுக்க."

திரும்பி, தப்படி எண்ணிக்கொண்டு நடந்தார். ஷாவின் அனல் தட்டைத் தாண்டினார். மரச்செருப்புக் குவியல்களைத் தாண்டினார். "வழியில என்னய்யா குறுக்க?" என்றான் ஒரு வண்டிக்காரன். நியே அவனைச் சுற்றிக்கொண்டு போனாரே தவிர எண்ணிக்கையை விடவில்லை. முப்பத்தெட்டில் நின்று, "பாறை இங்க," என்று குரல் கொடுத்தார். அடுப்பைப் பார்த்துத் திரும்பினார். இடது காலை முன்னால் வைத்து, வலது முட்டியைத் தரையில் ஊன்றினார். அறுபதைத் தாண்டிய உடம்பு அத்தனை சுலபமாக அந்த இருப்புக்குள் போனதைச் சந்தை பார்த்தது. தலையைச் சற்றுத் தாழ்த்தி, மறுபடி இன்னும் கொஞ்சம் தாழ்த்தி, அளவு சரியான இடத்தில் நிறுத்தினார்.

லுயென் நடந்து வந்தாள். அவளும் எண்ணிக்கொண்டு வருவது உதட்டில் தெரிந்தது. அவர் பக்கத்தில் வந்து நின்று அடுப்பைப் பார்த்தாள். பிறகு குனிந்து பார்த்தாள்.

"அப்படி இல்ல," என்றார் நியே. "சரியா இந்த எடம்."

முட்டியைத் தரையிலிருந்து எடுக்காமலே ஒரு சாண் நகர்ந்து, அந்த இடத்தை அவளுக்கு விட்டார்.