அக்காவின் மெட்டும் என் அடிக்குரலும்

போர்க்காலத்தில், எங்கள் ஊரான அக்கராயனில் இருந்த கடைசி வருடம், வெளிநாட்டு மச்சான் விட்டுப்போன பழைய கொம்பியூட்டரை ரீவியில் பொருத்தி இசையமைத்துக்கொண்டிருந்தேன். அது ஒரே நேரத்தில் மூன்று குரல்களில் பாடும். ஆனால் கசெற்றில் பதியாமல் மின்சாரத்தை நிறுத்தினால் எல்லாவற்றையும் மறந்துவிடும்.

அன்று அக்கா தானே கட்டிய மெட்டொன்றைப் பாடப் பாட, சுரம் சுரமாக ஏற்றினேன். கடைசியில் என் பங்குக்கு, மெட்டுக்குக் கீழே தாழ்ந்து ஒலிக்கும் ஓர் அடிக்குரலும் சேர்த்து ஓடவிட்டேன். உடனே ஒரு நீண்ட இரைச்சல். வண்டு! வேவு விமானத்துக்கு நாங்கள் வைத்த பெயர். இரைச்சல் கேட்டால் முதலில் ஜெனரேற்றரை நிறுத்திவிட்டுக் காது கொடுப்பது எங்கள் வழக்கம். நிறுத்தினேன். காது கொடுக்கத்தான் பொறுமையில்லை. பங்கர்க் குழிக்குள் தலைகீழாகப் பாய்ந்தேன்.

மேலே அக்கா வயிற்றைப் பிடித்துக்கொண்டு சிரித்தாள்.

"டேய், வானத்தில ஒண்டுமில்லை. உன்ர பெட்டிதான் இரைஞ்சது. வெளிய வாடா, வீரா!"

பதியாத மெட்டு அழிந்துவிட்டது.

"அழாத. நாளைக்குத் திருப்பிப் பாடித் தாறன்."

விடிய ஷெல் விழத் தொடங்கியது. பெட்டியை விட்டுவிட்டு இடம்பெயர்ந்தோம். வழியில் பாடச் சொல்லிக் கேட்க எனக்கு வாய் வரவில்லை. மூன்றாம் வாரம், மருந்தில்லாத காய்ச்சலில் அக்கா போய்விட்டாள்.

இன்றும் அந்த மெட்டைத் தேடுகிறேன். என்னைப் பங்கருக்குள் பாய வைத்த அடிக்குரல் மட்டும் பிசகாமல் வருகிறது.