மாறாத தவணை

என் அக்கா வீட்டுக்காரருக்கு லிப்ட் கம்பெனியில் வைத்திருந்த பட்டப்பெயர் ‘பார்த்தாச்சா’. முப்பத்துநான்கு வருடம் அங்கே மெக்கானிக். ஒவ்வொரு கட்டடத்தின் உச்சியிலும் மோட்டார் அறைக் கதவுக்குப் பின்னால் ஒரு சர்வீஸ் கார்டு தொங்கும். மாதம் ஒருமுறை கயிறு, பிரேக், கதவுப் பூட்டு எல்லாம் சோதித்து, தேதி போட்டுக் கையெழுத்துப் போட வேண்டும். கூட வருகிறவர்கள் கீழே டீயைக் குடித்துக்கொண்டே, “போன மாசம் நல்லாத்தானே இருந்துச்சு, போட்டு விடுங்கண்ணே” என்பார்கள். இவர், “கண்ணால பார்த்தாச்சா?” என்று மட்டும் கேட்பார். பார்க்கவில்லை என்றால் பேனா சட்டைப் பையை விட்டு வெளியே வராது. இதனால் வேலை தாமதமாகும், மேலதிகாரி பல்லைக் கடிப்பார், ஆனால் அவர் கையெழுத்துப் போட்ட லிப்ட்டில் ஒருவருக்கு ஒரு கீறல் விழுந்ததில்லை.

நான் நேர் எதிர். பார்சல் வண்டி ஓட்டுகிறேன். ஒரு நாளைக்கு அறுபது பேரிடம் கையெழுத்து வாங்குகிறேன், எதற்கு என்று ஒருவரும் கேட்டதில்லை. நானும் அப்படித்தான். எங்கே போட வேண்டும் என்று விரலைக் காட்டினால் போதும், போட்டுவிடுவேன். “மாப்ளே, உன் கிட்னியை எழுதி வாங்கினாக்கூட நீ ‘இங்கயா சார்’னு கேட்டுப் போட்டுடுவே” என்று மச்சான் கிண்டல் செய்வார்.

இருபது வருடங்களுக்கு முன் நாங்கள் இரண்டு பேரும் ஒரே கட்டடத்தில், ஒரே மாடியில், எதிரெதிர் கதவாக இரண்டு வீடு வாங்கினோம். ஒரே அளவு, ஒரே விலை. ஒரே வங்கியில் ஒரே நாளில் ஆளுக்குப் பதினெட்டு லட்சம் கடன், எட்டு சதவீத வட்டி, இருபது வருடம். மாதத் தவணை பதினையாயிரத்து ஐம்பத்தாறு. அந்தக் கடன் பத்திரத்தை மச்சான் இரண்டு நாள் வீட்டில் வைத்து வாசித்துவிட்டுத்தான் கையெழுத்துப் போட்டார். நான் வங்கி வாசலில் வண்டியை நிறுத்த இடமில்லாமல் ஓடிப் போய்ப் போட்டுவிட்டு ஓடி வந்தேன்.

அவருக்கு அப்போது முப்பத்தெட்டு வயது. ஐம்பத்தெட்டில் கம்பெனி ஓய்வு. கடன் முடியும் மாதமும் ஓய்வு பெறும் மாதமும் ஒன்றாக வருவதில் அவருக்கு அவ்வளவு சந்தோஷம். போகப் போக அந்தக் கணக்கு ஆசையாக இல்லாமல் அவசியமாகிவிட்டது, ஏனென்றால் முழங்கால்கள் இரண்டும் போய்விட்டன. லிப்ட் மெக்கானிக்கைக் கூப்பிடுவதே லிப்ட் நின்ற பிறகுதானே. எத்தனை மாடியானாலும் படிதான். டாக்டர் இரண்டு காலுக்கும் ஆபரேஷன் வேண்டும், ஆறு மாதம் ஓய்வு வேண்டும் என்று சொல்லியிருந்தார். ஓய்வுப் பணம் பன்னிரண்டு லட்சம் வரும், அதில் கால்களைச் சரி செய்துகொண்டு மிச்சத்தில் உட்கார்ந்து சாப்பிடலாம் என்பது திட்டம். அக்கா ஆஸ்பத்திரிச் சலவைப் பிரிவில் நாள் முழுக்க நின்றுகொண்டு படுக்கை விரிப்புகளுக்கு இஸ்திரி போடுகிறாள். அவளும் அதே மாதம் வேலையை விடுவதாக இருந்தது. விலகல் கடிதம்கூட எழுதிக் கைப்பையில் வைத்திருந்தாள்.

நடுவில் ஒன்று நடந்தது. கடன் வாங்கி மூன்று வருடம் ஆனபோது வட்டி பத்து சதவீதம் ஆகிவிட்டது என்று எங்கள் இரண்டு பேருக்கும் வங்கியிலிருந்து ஒரு கடிதம் வந்தது. அதில் இரண்டு கட்டம். ஒன்று, தவணைத் தொகையை உயர்த்தச் சம்மதம். இரண்டு, தவணைக் காலத்தை நீட்டிக்கச் சம்மதம். ஏதாவது ஒன்றில் டிக் அடித்துக் கையெழுத்துப் போட்டு அனுப்ப வேண்டும்.

நான் முதல் கட்டத்தில் அடித்து, அன்றைக்கே தபால் பெட்டியில் போட்டுவிட்டேன். அடுத்த மாதம் என் தவணை பதினேழாயிரத்து நூற்றுப்பதினாறு. இரண்டாயிரத்து அறுபது அதிகம்! வீட்டில் எனக்குக் கிடைத்த அர்ச்சனை கொஞ்சநஞ்சமல்ல.

மச்சான் கடிதத்தை நான்கு தரம் வாசித்தார். “எவ்வளவு ஏறும்னு போடல, எவ்வளவு நீளும்னும் போடல. எவ்வளவுன்னு தெரியாம எதுக்குய்யா கையெழுத்து?” என்று சொல்லிவிட்டு, மடித்துக் கோப்பில் வைத்துவிட்டார். அடுத்த மாதம் அவர் கணக்கில் பிடித்தது பதினையாயிரத்து ஐம்பத்தாறு. அதற்கடுத்த மாதமும் அதே. என் கதவைத் தட்டி வங்கிப் புத்தகத்தைக் காட்டினார்.

“பார்த்தியா மாப்ளே? கையெழுத்து போடாதவனை அவங்களால ஒண்ணும் பண்ண முடியாது.”

அன்றிலிருந்து பதினேழு வருடம் எனக்கு ‘ஏறினவர்’ என்று பெயர். “வாங்க ஏறினவரே”, “ஏறினவருக்கு இன்னொரு காபி”. வட்டியும் ஏறின இடத்தை விட்டு இறங்கவே இல்லை. மாதம் இரண்டாயிரத்து அறுபது அதிகமாகக் கட்டும்போதெல்லாம் எனக்கு வயிறெரியும். அந்தப் பணத்தில் பழைய வண்டியை மாற்றியிருக்கலாம், மகளை இன்னும் நல்ல பள்ளியில் போட்டிருக்கலாம். எதிர் வீட்டில் ஒரு புத்திசாலி சிரித்துக்கொண்டிருந்தார், நான் ஏமாளி. நான் அதை ஒப்புக்கொண்டும்விட்டேன்.

போன மாதம் கடைசித் தவணை பிடித்ததும் இரண்டு பேரும் வங்கியில் அடமானமாக இருந்த வீட்டுப் பத்திரத்தை வாங்கிவர ஒன்றாகப் போனோம். மச்சான் சலவைச் சட்டை போட்டிருந்தார். பத்திரம் மடங்காமல் இருக்க அட்டை வைத்த பை ஒன்று புதிதாக வாங்கி வந்திருந்தார். கண்ணாடி போட்ட ஒரு பெண் அதிகாரி முதலில் என் கணக்கைப் பார்த்தார்.

“உங்களோடது முடிஞ்சுது சார். இதுல ஒரு கையெழுத்து.”

போட்டேன். பிறகு மச்சானுடையதைப் பார்த்தார். ஒருமுறை பார்த்துவிட்டு மறுபடி பார்த்தார்.

“சாருக்கு இன்னும் நூத்திப்பதிமூணு மாசம் இருக்கே.”

மச்சான் சிரித்தார். “வேற யாரோடதையோ எடுத்துட்டீங்கம்மா. நாங்க ரெண்டு பேரும் ஒரே நாள்ல வாங்கினது. இவரைவிட நான் ஒரு தவணைகூட தவறினதில்ல.”

அதிகாரி கணக்கு எண்ணைத் திரும்ப அடித்து, திரையை எங்கள் பக்கம் திருப்பினார். மீதிக் கடன் பத்து லட்சத்துத் தொண்ணூற்றாறாயிரத்துச் சொச்சம்.

என் கடன் முடிந்த சந்தோஷம் எந்தப் பக்கம் போயிற்று என்று தெரியவில்லை. மச்சான் திரையையே பார்த்துக்கொண்டிருந்தார். சிரிப்பு முகத்தில் அப்படியே நின்றிருந்தது, அதை எடுக்க அவருக்கு மறந்துவிட்டது.

“நான் கட்டினது எவ்வளவும்மா?”

“முப்பத்தாறு லட்சத்துப் பதிமூணாயிரம் சார்.”

“பதினெட்டுக்கு முப்பத்தாறு கட்டி, இன்னும் பதினொண்ணா?”

“அதுல அசல்ல கழிஞ்சது ஏழு லட்சம்தான் சார். மீதி வட்டி. வட்டி ஏறினப்போ உங்க தவணை ஏறல, அதனால காலம் நீண்டிருக்கு. இன்னும் ஒம்பதரை வருஷம் வரும்.”

“நான் எதுக்கும் கையெழுத்து போடலையே!” வரிசையில் நின்றவர்கள் திரும்பிப் பார்த்தார்கள்.

அதிகாரி மச்சானின் கோப்பைத் தேடி எடுத்து, அந்தப் பழைய கடிதத்தின் நகலைக் காட்டினார். பின்பக்கம், அடியில், எறும்பு அளவு எழுத்தில் ஒரு வரி. முப்பது நாட்களுக்குள் பதில் இல்லையெனில் இரண்டாவது கட்டத்துக்குச் சம்மதித்ததாகக் கொள்ளப்படும். நான்கு தரமும் மச்சான் வாசித்தது முன்பக்கத்தைத்தான்.

வீடு வந்ததும் மச்சான் நேராக அலமாரியிலிருந்து கோப்பை எடுத்தார். வருடா வருடம் வங்கி அனுப்பும் கணக்குத் தாள்கள், ஒன்று விடாமல் இருந்தன. ஒவ்வொன்றிலும் முதல் தாளில் பன்னிரண்டு வரி, பன்னிரண்டு பதினையாயிரத்து ஐம்பத்தாறு, பக்கத்தில் சிவப்பு மையில் பன்னிரண்டு டிக். அவர் சரிபார்க்காத வருடம் இல்லை. இரண்டாவது தாள் மட்டும் எல்லாவற்றிலும் வந்த மடிப்புக் கலையாமல் இருந்தது. தவணை மாறவில்லை என்று பார்த்த பிறகு அதில் பார்க்க என்ன இருக்கிறது என்று விட்டிருக்கிறார்.

இப்போது ஒவ்வொன்றாகப் பிரித்தார். மூன்றாம் வருடத் தாளில் மீதி மாதங்கள் இருநூற்று நான்கு. நான்காம் வருடத் தாளில் முந்நூற்று ஐந்து. ஒரு வருடம் முழுக்கக் கட்டிய பிறகு நூற்றொரு மாதம் கூடியிருக்கிறது! அந்த வருடம் கட்டியது ஒரு லட்சத்து எண்பதாயிரம், கடனில் கழிந்தது பதின்மூவாயிரத்து அறுநூறு. மச்சான் அந்த எண்ணை விரலால் தொட்டுத் தொட்டுப் பார்த்தார், அழிந்துவிடுமா என்று பார்ப்பதுபோல.

அக்கா சமையலறை வாசலில் ஈரக் கையோடு நின்றிருந்தாள். “அப்போ இது நம்ம வீடு இல்லையா?” என்று கேட்டாள். அவள் கையைத் துடைத்துக்கொண்டு போய்க் கைப்பையைத் திறந்து, விலகல் கடிதத்தை எடுத்து நான்காகக் கிழித்துக் குப்பையில் போட்டுவிட்டு வந்தாள்.

“மாப்ளே, நீ எவ்வளவு கட்டியிருக்கே?”

“நாற்பது லட்சத்துச் சொச்சம் மச்சான்.” பதினெட்டு லட்சத்துக்கு நாற்பது கட்டினேன் என்பதே எனக்கு அன்றைக்குத்தான் தெரியும். ஆனால் அதைச் சொல்லி அழுகிற இடம் அதுவல்ல.

“என்னைவிட நாலு லட்சம் அதிகம். முடிஞ்சுபோச்சு. நான் இப்படியே கட்டினா இன்னும் பதினேழு லட்சம்.” தாள்களை அடுக்கிக்கொண்டே கேட்டார். “நீ ஏன் முதல் கட்டத்துல அடிச்சே?”

யோசித்துத்தான் அடித்தேன் என்று சொல்லியிருக்கலாம். அவரிடம் அந்தப் பொய் வரவில்லை.

“அதுதான் மச்சான் மேல இருந்துச்சு.”

அவர் என்னைத் திட்டியிருந்தால் நன்றாக இருந்திருக்கும். தலையை மட்டும் ஆட்டிக்கொண்டார். கோபம் எனக்குத்தான் வந்தது, யார் மேல் என்று தெரியாமல். வாசிக்காமல் அடித்தவன் தப்பித்தான், நான்கு தரம் வாசித்தவர் மாட்டிக்கொண்டார். இதில் என்ன நியாயம் இருக்கிறது?

ஓய்வுப் பணம் வந்த வாரமே மொத்தக் கடனையும் அடைத்துவிடலாம் என்று மச்சான் முடிவு செய்தார். ஒன்பதரை வருடத்துக்கு வட்டி கட்ட அவரால் முடியாது, அது சரியான முடிவுதான். பன்னிரண்டு லட்சத்தில் மிஞ்சியது ஒரு லட்சத்துச் சொச்சம். அது ஒரு காலுக்குக்கூடக் காணாது. கம்பெனியில் பேசிப் பார்த்தார். தினக்கூலிக்கு வருவதென்றால் வரலாம் என்றார்கள். வருகிறேன் என்றார்.

கடனை அடைத்த அன்று நான்தான் பார்சல் வண்டியில் கூட்டிப் போனேன். அதே அதிகாரி. பத்திரத்தைக் கொடுத்து, பெற்றுக்கொண்டதாகக் கையெழுத்துக் கேட்டார். மச்சான் எல்லாத் தாளையும் இரண்டு பக்கமும் வாசித்து முடிக்க ஒரு மணி நேரம் ஆயிற்று. போட்டுவிட்டு, பேனாவை மூடாமல் கேட்டார்.

“ஒண்ணே ஒண்ணு கேட்கலாமாம்மா? நான் பதில் போடலைன்னா ரெண்டாவது கட்டம்னு எடுத்துக்கிட்டீங்க. ஏன் முதல் கட்டம்னு எடுத்துக்கல?”

அந்தப் பெண் சுற்றிலும் பார்த்துவிட்டு, குரலைத் தாழ்த்தினார். “தவணை ஏறினா எல்லாரும் சண்டைக்கு வருவாங்க சார். வருஷம் ஏறினா யாரும் வர்றதில்ல.”

மச்சான் தலையாட்டினார். “பேனா நல்லா எழுதுதும்மா” என்று சொல்லித் திருப்பிக் கொடுத்தார்.

வெளியே வந்ததும் மணி கேட்டார். ஒரு கட்டடத்தில் லிப்ட் நின்றிருக்கிறதாம், இரண்டு மணிக்குள் அங்கே இறக்கிவிடச் சொன்னார். வாசலில் வண்டியை நிறுத்தினேன். ஒன்பது மாடி.

“மேலே எல்லாம் கிரீஸ் மாப்ளே, அழுக்காயிடும். இதை வண்டியிலயே வச்சுக்கோ” என்று பத்திரப் பையை என் மடியில் வைத்தார். இருபது வருடம் காத்திருந்து வாங்கியது, இருபது நிமிடம்கூட அவர் கையில் இருக்கவில்லை. கருவிப் பெட்டியை எடுத்துக்கொண்டு உள்ளே போனார். கைப்பிடியைப் பிடித்து ஒரு காலை வைப்பதும், மற்றக் காலை இழுத்து அதன் பக்கத்தில் சேர்ப்பதும், கொஞ்சம் நிற்பதும், கண்ணாடிக் கதவு வழியாகத் தெரிந்தது. முதல் வளைவில் திரும்பி மறைந்தார்.

நான் பையைத் திறந்து பத்திரத்தை எடுத்தேன். என் வாழ்க்கையில் முதல் தடவையாக ஒரு தாளை முதல் வரியிலிருந்து கடைசி வரிவரைக்கும் வாசித்தேன், பின்பக்கம் உட்பட. வாசித்து முடித்தபோதும் அவர் இறங்கி வரவில்லை.