செல்ல என்றொரு ஊர், சாவி எண் 27

ஊரின் பெயர் செல்ல. எழுத்துப் பிழை இல்லை. ஜெர்மன்காரர்கள் முன்னால் ஒரு 'ட்' ஒட்டிக் கிட்டத்தட்ட அப்படித்தான் சொல்கிறார்கள். நான் வசிக்கும் ஹனோவரிலிருந்து வடகிழக்கே நாற்பது கிலோமீட்டர். 2006 ஜூன் மூன்றாம் தேதி, சனிக்கிழமை, நானும் என் அண்ணையும் போனோம். மரச்சட்ட வீடுகள், ஓர் ஓவியக்கூடம், வரைபடத்தைக் கையில் வைத்துக்கொண்டு தாமாகவே நடந்து திரிவது, இவற்றில் ஆசை உள்ளவர்களுக்கு இந்த ஊர் ஒரு நாளுக்குத் தாராளம். எங்களுக்கு இரண்டு நாள் பிடித்தது. அது அண்ணையின் கைங்கரியம்.

அண்ணை வுப்பர்டாலில் ஓர் உலோகத் தொழிற்சாலையில் வேலை செய்கிறார். எண்பதுகளின் கடைசியில் அகதியாக வந்தபோது அவரைச் செல்லவுக்குப் பக்கத்து மாவட்டத்தில் ஒரு கிராமத்து விடுதியில் கொண்டுபோய் விட்டார்கள். அங்கே நாலரை வருடம் இருந்தார். வழக்கு முடியும்வரை மாவட்ட எல்லையைத் தாண்டக் கூடாது, தாண்டுவதென்றால் அலுவலகத்தில் அனுமதித் துண்டு எடுக்க வேண்டும். பின்னேரங்களில் சைக்கிளில் எல்லைப் பலகை வரைக்கும் போய்த் திரும்புவாராம். பலகைக்கு அப்பால் பன்னிரண்டு கிலோமீட்டரில் ஊர். அவரைத் தாண்டிப் போகும் பஸ்ஸின் நெற்றியில் அந்தப் பெயர் பெரிதாக எழுதியிருக்கும். "பஸ் செல்ல எண்டு போகுது, எனக்குச் செல்ல ஏலாது" என்று அப்போது யாழ்ப்பாணத்தில் இருந்த எனக்குக் கடிதம் எழுதினார். நான் அதைப் பகிடிக் கடிதம் என்று நினைத்துப் பள்ளித் தோழிகளுக்கெல்லாம் வாசித்துக் காட்டினேன். இன்றைக்கும் அதை நினைத்தால் எனக்கு வெட்கமாக இருக்கிறது.

நிரந்தர வதிவிட உரிமை கிடைத்துப் பத்து வருடத்துக்கு மேலாகிவிட்டது. பாரிஸ், லண்டன் கலியாண வீடுகள் ஒன்றையும் அண்ணை விட்டதில்லை. செல்லவுக்கு மட்டும் போனதில்லை. இன்னொன்று, எங்கே போனாலும் அவருடைய ஓர்ட்னர் கூடவே போகும். ஓர்ட்னர் என்பது அலுவலகக் கடதாசிகளைத் துளையிட்டுக் கோக்கும் தடித்த கோப்பு. அவருடையது கறுப்பு, இரண்டு கிலோவாவது இருக்கும். அதற்கென்றே ஒரு துணிப்பை. கலியாண வீட்டில் பந்தியில் இருக்கும்போதும் அது மடியில்தான். பெந்தெகொஸ்தே விடுமுறைக்கு அவர் என்னிடம் வந்தபோது எனக்கு இருந்த ஆசை ஒன்றே ஒன்றுதான். அந்தப் பலகைக்கு அப்பால், கோப்பைச் சுமக்காமல், அவரை ஒரு நாள் நடக்க வைக்க வேண்டும்.

"அங்க என்ன இருக்கு?" என்று கேட்டார்.

"ஓவியம் இருக்கு அண்ணை. நல்ல வீடுகள் இருக்கு."

"ஓர்ட்னர் கேப்பினமோ?"

"ஒருத்தரும் கேக்கமாட்டினம். வீட்டில விட்டிட்டு வாங்கோ."

"கேக்கமாட்டினம் எண்டுதான் எல்லாரும் சொல்லுறது" என்று பையை எடுத்துத் தோளில் மாட்டினார்.

மாநில நாள் டிக்கட் அப்போது 24 யூரோ. ஐந்து பேர் வரை அதிலேயே போகலாம், ஆனால் விரைவு ரயில்களில் செல்லாது. 9.40 வண்டியில் ஏறி முக்கால் மணி நேரத்தில் இறங்கினோம். உலகக் கிண்ணக் கால்பந்து தொடங்க ஆறு நாள்தான் இருந்தது, ரயில் பாதையோரத்துத் தோட்டக் கொட்டில்களில்கூடக் கொடி பறந்தது. நிலையத்திலிருந்து பழைய நகரம் கால்மணி நேர நடை. வழியில் பூங்கா, அதற்குள் வெள்ளை அரண்மனை, அதற்கு எதிரே ஓவியக்கூடம். நுழைவு ஆளுக்கு மூன்று யூரோ.

வாசலில் ஒரு பலகை வைத்திருந்தார்கள். அண்ணை அதன்முன் நின்றுவிட்டார். பலகை என்றாலே நிற்கிற மனிதர், ஆகவே நான் பொருட்படுத்தாமல் உள்ளே போய்விட்டேன். திரும்பிப் பார்த்தால் அவர் கோப்பை விரித்து வைத்து அவசரமாகப் பக்கங்களைப் புரட்டிக்கொண்டிருக்கிறார். பலகையில் எழுதியிருந்தது இவ்வளவுதான்: ஃபூருங் வேண்டுவோர் அன்மெல்டுங் செய்ய வேண்டும். ஆள் ஒருவர் கூட வந்து விளக்கிக் காட்டுவதுதான் ஃபூருங், அன்மெல்டுங் என்றால் முன்பதிவு. ஆனால் அண்ணையின் ஜெர்மன் முழுக்க அலுவலக யன்னல்களில் படித்தது. அங்கே ஃபூருங் என்றால் பொலிஸ் தரும் நன்னடத்தைச் சான்று, அன்மெல்டுங் என்றால் வதிவிடப் பதிவுத் துண்டு. நான் ஓடிப்போவதற்குள் இரண்டையும் கழற்றிக் கண்ணாடி மேசையில் வைத்துவிட்டார்.

மேசையில் இருந்த பெண்ணுக்கு ஐம்பது வயது இருக்கும். கடதாசிகளைப் பார்த்தாள், அண்ணையைப் பார்த்தாள், மறுபடி கடதாசிகளைப் பார்த்தாள். பிறகு சிரிக்காமல், மிகவும் மரியாதையாகச் சொன்னாள், "உங்களுக்கு ஃபூருங் தேவையில்லை. நீங்களாகவே சுற்றிப் பார்க்கலாம்." தாமாகவே நடப்பவர்களுக்கான இலவச வரைபடத்தையும் அவர் கையில் கொடுத்தாள். அவள் சிரிக்காததற்காக நான் அவளுக்குக் கோயில் கட்டவும் தயார்.

"தேவையில்லையாம்" என்று அண்ணை என்னிடம் கிசுகிசுத்தார். முகம் எல்லாம் பூரிப்பு.

அடுத்த சிக்கல் பை. பெரிய பைகளை உள்ளே கொண்டுபோகக் கூடாது. ஒரு யூரோ போட்டால் பூட்டும் சின்னப் பெட்டகங்கள் உண்டு, திறக்கும்போது காசு திரும்பி வரும். அண்ணை பெட்டகத்தின் கதவை மூன்று தரம் ஆட்டிப் பார்த்தார். "நான் வெளியில நிக்கிறன், நீ பாத்திட்டு வா" என்றார்.

எனக்குப் பொறுக்கவில்லை. "நாலரை வருசம் வெளியில நிண்டது போதாதோ அண்ணை?"

சொன்ன பிறகுதான் சுட்டது. அவர் பையை உள்ளே வைத்துப் பூட்டி, சாவியைச் சட்டைப் பைக்குள் போட்டுக்கொண்டார். எண் 27.

கூடம் சிறியது, ஒன்றரை மணி நேரத்தில் பார்த்துவிடலாம். வெளிச்சத்தையே கலையாகச் செய்த ஓர் அறை இருக்கிறது, தவறவிடாதீர்கள். இருட்டுக்குள் சுவரெங்கும் புள்ளி புள்ளியாக ஒளி ஊர்ந்து போகும், நான் வாயைப் பிளந்து நின்றேன். அண்ணை "வயரிங் ஆர் செய்தது?" என்று விசாரித்தார். அதற்கு அடுத்த அறையில்தான் அவர் நின்றுபோனது. இந்தப் பகுதியின் வெட்டவெளியைக் காட்டும் பழைய நிலக்காட்சி ஓவியம். இருபுறமும் வெள்ளைப் பட்டை பேர்ச் மரங்கள், நடுவில் மணல் ரோடு, ஆட்கள் யாரும் இல்லை. வண்ணம் அவ்வளவு அமைதி. எவ்வளவு நேரம் பார்த்தாரோ தெரியாது.

"நான் சைக்கிளில வந்த ரோட்டு மாதிரியே இருக்கு" என்றார். பிறகு, "படம் கீறின ஆள் அந்தப் பலகையைக் கீறேல்லை."

"அவர் கீறின காலத்தில பலகை இல்லை அண்ணை."

"ஓம்" என்றார். "அப்ப நல்லாத்தான் இருந்திருக்கு."

வெளியே வரும்போது ஒரு மணி. சந்தைச் சதுக்கத்துக் கடையில் ஸ்பார்கல் சூப் குடித்தோம், ஆளுக்கு 4.50. ஸ்பார்கல், அதாவது அஸ்பாரகஸ் தண்டு, இந்தப் பகுதியின் பெருமை, ஜூன் கடைசி வரைதான் கிடைக்கும். தோல் சீவின முருங்கைக்காய்போல வெள்ளையாக இருக்கும், ருசியும் சாதுதான். அண்ணை மிளகுத்தூள் டப்பாவைத் தீர்த்துவிட்டார்.

வரைபடத்தில் இரண்டு நடைகள் உண்டு. சிவப்புக் கோடு பழைய நகருக்குள், நீலக் கோடு ஆற்றோரமாக. நாங்கள் சிவப்பைப் பிடித்தோம். ஒன்றரைக் கிலோமீட்டர்தான், ஆனால் இரண்டரை மணி நேரம் எடுத்தது. நானூறு, ஐந்நூறு வருடத்து வீடுகள் தெருத்தெருவாக நிற்கின்றன. மேல்மாடி கீழ்மாடியைவிடத் துருத்திக்கொண்டு வரும், உத்தரங்களில் பொன் எழுத்து, பாம்பு, பூதம், கோமாளி என்று ஒரே செதுக்கல். கழுத்து வலிக்க அண்ணாந்து பார்த்துக்கொண்டே நடக்க வேண்டியதுதான். இவ்வளவு அழகு பன்னிரண்டு கிலோமீட்டரில் இருந்தும் பார்க்காமல் இருந்தாரே என்று எனக்குக் கோபம் கோபமாக வந்தது. அண்ணைக்குக் கோபம் இல்லை. வரைபடத்தை அவரே பிடித்து, "இடப்பக்கம் திரும்பு, நிண்டு மேல பார்" என்று எனக்கு ஃபூருங் நடத்திக்கொண்டிருந்தார்.

தேவாலயக் கோபுரத்தில் ஏற ஒரு யூரோ. இருநூறுக்கு மேல் படி, கடைசிப் படிகள் ஏணி மாதிரி, முழங்கால் வருத்தக்காரர் யோசித்து ஏறவும். மேலிருந்து அண்ணை தெற்கே காட்டுப் பக்கம் கையைக் காட்டினார். "அங்கதான் இருந்தனான்" என்றார். இரண்டு கையாலும் கம்பியைப் பிடித்துக்கொண்டு நெடுநேரம் நின்றார்.

மாலை 5.20 வண்டியில் திரும்பினோம். டிக்கட் பரிசோதகர் வந்ததும் அண்ணையின் கை பழக்கத்தில் மடியைத் தடவியது. மடியில் ஒன்றும் இல்லை. சட்டைப் பையிலிருந்து சாவி 27 வந்தது. அப்போதுதான் எனக்கு உறைத்தது, கோப்பு கூடத்துப் பெட்டகத்திலேயே கிடக்கிறது. பரிசோதகர் என் டிக்கட்டைப் பார்த்து, நன்றி சொல்லி, அடுத்த இருக்கைக்குப் போய்விட்டார்.

"அடுத்த ஸ்டேசனில இறங்குவம் அண்ணை. ஐந்து மணிக்குப் பூட்டியிருப்பினம், ஆனாலும் யாரையாவது பிடிப்பம்" என்று நான் எழும்பினேன்.

அண்ணை போகிற பரிசோதகரையே பார்த்துக்கொண்டிருந்தார். "இரு பிள்ளை" என்றார். "அவர் ஒண்டும் கேக்கேல்லையே." பிறகு சாவியைத் திருப்பித் திருப்பிப் பார்த்துவிட்டுக் கேட்டார், "நாளைக்கு எத்தினை மணிக்குத் திறக்கினம்?"

போகிறவர்களுக்குச் சில குறிப்புகள். கூடம் திங்கள் தவிர மற்ற நாட்களில் பத்து முதல் ஐந்து வரை. நாங்கள் போன பெந்தெகொஸ்தே ஞாயிறும் திறந்திருந்தது. பெட்டகத்தை இரவு யாரும் திறக்காதது எங்கள் அதிர்ஷ்டம், நீங்கள் அதை நம்பிப் போகாதீர்கள். ஒரு யூரோ நாணயக் குற்றி கையில் வைத்திருங்கள். நேரம் இருந்தால் நீலக் கோட்டு நடையையும் விடாதீர்கள். ஐந்து கிலோமீட்டர், ஆல்லர் ஆறு கூடவே வரும், நிழல் உண்டு, தண்ணீர் கொண்டுபோகவும்.

அந்த நடை எனக்குத் தெரிந்தது ஞாயிற்றுக்கிழமைதான். காலை பத்தரைக்கு இறங்கியதும் நான் நேரே கூடத்துப் பக்கம் விரைந்தேன். அண்ணை வரைபடத்தை விரித்து, ஆற்றுப் பக்கம் திரும்பி, "அது எங்க போகப் போகுது, வா" என்று கையை வீசிக்கொண்டு முன்னால் நடந்தார். கோப்பை எடுக்க நாங்கள் போனபோது மணி நாலே முக்கால்.